மயில் தானாக ஓடியது

கேப்டன் ஜெசிந்தாவின் வாக்குமூலத்தில் ஒரு வரி என்னை உறுத்திக்கொண்டே இருந்தது. மற்றதெல்லாம் விபத்துக்குப் பிறகு எந்த விமானியும் சொல்வதுதான். மழை பெய்தது, ஓடுபாதை தெளிவாகத் தெரிந்தது, விதிப்படி இறக்கினேன். நடுவில் இப்படி இருந்தது: 'ஓடுபாதையில் ஒரு மயில் நின்றது. இறங்காமல் மேலே தூக்கிவிடலாம் என்று கையை வைத்தேன். அதற்குள் மயில் தானாக ஓடியது. யாரோ விரட்டியதுபோல் ஓடியது.'

"மயில் நமக்கெதுக்கு சொக்கலிங்கம்? அடுத்த பக்கத்துக்கு வாங்க" என்றார் விசாரணைக் குழுவின் தலைவர். அவருக்குச் சீக்கிரம் டெல்லி திரும்ப வேண்டும். கரிசலூர் சாப்பாடு அவருக்கு ஒத்துக்கொள்ளவில்லை.

நடந்தது இதுதான். கரிசலூர் விமான நிலையத்தில், ஐப்பசி அடைமழையில், காலை நேரத்து விமானம் ஒன்று இறங்கியது. பயணிகள் கைதட்டினார்கள், பெட்டிகளை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள். விமானம் வந்து நின்ற இடத்தில், சக்கரத்துக்குக் கட்டை வைக்கப் போன ஊழியர் சக்கரத்தைப் பார்த்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். சுடலைக்கனி என்ற பெண்ணை விமானம் அடித்துக் கொன்றிருந்தது. ஓடுபாதைக்கு வரும் பறவைகளை விரட்டுவது அவர் வேலை. விமானி அறையில் இருந்த இருவருமே அவரைப் பார்க்கவில்லை.

பறவை விரட்ட ஆள் அமர்த்திய காண்ட்ராக்டர் அன்று மாலையே எழுதிக் கொடுத்துவிட்டார். அந்தப் பெண் அனுமதி வாங்காமல் ஓடுபாதை ஓரத்துக் கோட்டைத் தாண்டி உள்ளே போனாள் என்று. நாங்களும் ஆமாம் என்று எழுதிவிட்டால் சுடலைக்கனி அத்துமீறி நுழைந்தவர் ஆகிவிடுவார். செத்ததுக்கு அவரே காரணம் என்று அரசாங்கம் முத்திரை குத்திவிடும். தலைவரின் பேனா அதற்குத் தயாராகத்தான் இருந்தது.

இந்த இடத்தில் கண்ணாத்தாளைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அதன் முறையான பெயர் முப்பரிமாண ஒளித்திரை. திரை என்று சொன்னாலும் திரை எதுவும் கிடையாது. விமானியின் முகத்துக்கு முன்னால் காற்றிலேயே உலகம் மிதக்கும். வெளியே மழையோ மூட்டமோ கும்மிருட்டோ, கேமராவும் ரேடாரும் பார்த்ததையெல்லாம் கோத்து, பளிச்சென்று பகல் வெளிச்சத்தில் ஓடுபாதையைக் காட்டும். குறுக்கே எது வந்தாலும் அதைச் சுற்றிச் சிவப்புப் பெட்டி போடும். இறங்கி நிற்கும்வரை விமானிகள் அதைத்தான் பார்ப்பார்கள், கண்ணாடி வழியாக வெளியே பார்ப்பதில்லை. நாட்டரசன்கோட்டைப் பக்கத்து விமானி ஒருவர் வேடிக்கையாக அதற்குக் கண்ணாத்தா என்று பெயர் வைத்தார். அந்த ஊர்க் கோயிலில் இருக்கும், கண் கொடுக்கிற ஆத்தாவின் பெயர் அது. அப்படியே ஒட்டிக்கொண்டது. வடக்கத்தி விமானிகளும் அப்படித்தான் சொல்கிறார்கள்.

எனக்கு அவள் மேல் பழைய கடுப்பு உண்டு. மறைக்க மாட்டேன். அவளைப் பார்க்க இரண்டு கண்ணும் ஒழுங்காக வேண்டும். எனக்கு இடது கண்ணில் விழித்திரை போய்விட்டது. அவள் வருவதற்கு முன்னால் அந்தக் கண்ணோடும் விமானம் ஓட்டிக்கொண்டுதான் இருந்தேன். அவள் வந்ததும் என்னை இறக்கி விசாரணைப் பிரிவில் உட்கார வைத்தார்கள். ஆகவே நான் நடுநிலையானவன் என்று நினைத்து யாரும் இதைப் படிக்க வேண்டாம்.

ஜெசிந்தாவை விமான நிலைய விருந்தினர் அறையில் சந்தித்தேன். தூத்துக்குடிக்காரர், நாற்பதைத் தாண்டியவர். கரிசலூருக்கு விமானம் ஓட்டும் ஒரே பெண் கேப்டன். முன்னால் இருந்த டீயில் ஆடை படிந்திருந்தது.

"தட்டினது தெரிஞ்சுதா?" என்று கேட்டேன்.

"தெரிஞ்சுது சார். ரோட்டுல தார் பெயர்ந்த எடத்துல வண்டி ஏறி இறங்குமே, அப்படி. இவனுங்க ஓடுபாதையை ஒழுங்கா வெச்சுக்கவே மாட்டானுங்கன்னு திட்டினேன்." டீயைத் தள்ளி வைத்தார். "அது ரெக்கார்டு ஆயிருக்கும். கேட்டிருப்பீங்க. அவங்க மேல ஏத்திட்டு, ரோடு சரியில்லன்னு திட்டியிருக்கேன்."

நான் கேட்டிருந்தேன். துணை விமானி சிரித்ததும் அதில் இருந்தது. அதை அவரிடம் சொல்லவில்லை.

"சார், நான் ஒண்ணு கேக்கலாமா? எனக்கு நேரம் இருந்துச்சா?"

"எதுக்கு?"

"மேல தூக்கறதுக்கு. அவங்க கடைசி நொடியில குறுக்க விழுந்தாங்களா, இல்ல முன்னாடியே அங்க நின்னாங்களா? கம்பெனி டாக்டர் அதை நினைக்கவே நினைக்காதீங்கன்னு மாத்திரை குடுக்கறாரு. எனக்கு மாத்திரை வேண்டாம். நேரம் இருந்துச்சா இல்லியா, அது மட்டும் தெரியணும்."

"தெரிஞ்சா சொல்றேன்."

"தெரிஞ்சா சொல்றேன்னு சொல்லாதீங்க சார். தெரிஞ்சுக்கிட்டு வந்து சொல்லுங்க. அது என்னவா இருந்தாலும் சரி."

எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. விசாரணைக்காரனுக்கு அது நல்லதில்லை.

மறுநாள் கண்ணாத்தாளைத் தயாரித்த கம்பெனியிலிருந்து மிருணாளினி என்ற இன்ஜினியர் வந்தார். கோயம்புத்தூர்ப் பெண், முப்பது வயதிருக்கும். பதிவைக் காற்றில் மிதக்கவிட்டார். எனக்கு அது கலங்கிய குட்டை மாதிரிதான் தெரிந்தது. கண் விஷயத்தைச் சொன்னேன். "அய்யோ, ஸாரிங்க சார்" என்று சொல்லிச் சாதாரண மானிட்டரில் போட்டார்.

மழையே இல்லாத, கழுவித் துடைத்த ஓடுபாதை. நடுக்கோட்டில் மயில், அதைச் சுற்றிச் சிவப்புப் பெட்டி. பதிவில் ஜெசிந்தாவின் குரல், "மயில். மேல போயிடலாமா?" மயில் சட்டென்று இடது பக்கம் திரும்புகிறது. கழுத்தை நீட்டுகிறது, மிரள்கிறது, வலது பக்கமாக விழுந்தடித்து ஓடிப் புல்லுக்குள் மறைகிறது. சிவப்புப் பெட்டியும் மறைகிறது. துணை விமானி, "போயிடுச்சு மேடம், இறக்கலாம்" என்கிறார். ஓடுபாதை துடைத்துவிட்ட மாதிரி காலியாக இருக்கிறது. விமானம் இறங்குகிறது. தட்டும் சத்தம்.

"மறுபடி போடுங்க. மயில் எதைப் பார்த்து பயந்துச்சு?"

"விமானத்தைப் பார்த்துத்தானுங்க சார்."

"விமானம் நேரா வருது. அது பக்கவாட்டுல இல்ல பார்க்குது?"

மிருணாளினி எழுந்துபோய் அறைக் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"இது கேமரா எடுத்த படம் இல்லீங்க சார். விமானிக்கு என்ன காட்டினோமோ அது. கேமரா எடுத்ததை நாங்க சேர்த்து வைக்கறதில்லைங்க. காட்டி முடிச்சதும் அழிஞ்சுடும்."

"காட்டாதது ஏதாவது இருந்துச்சா?"

"அதுக்கு ஒரு கணக்கு மட்டும் வருங்க." ஒரு வரியைத் திறந்து காட்டினார். அந்த நேரத்தில், அந்த இடத்தில், 'அமைதிப்படுத்தப்பட்டது: ஒன்று' என்று இருந்தது.

"அமைதிப்படுத்தறதுன்னா?"

"முதல்ல எல்லாத்துக்கும் பெட்டி போட்டுட்டு இருந்தோங்க. விமானிங்க ஒரே புகார். பார்க்கிற எடமெல்லாம் பெட்டி, தலைவலியா இருக்குன்னு. அதனால கைப்பிடியில 'நீக்கு'ன்னு ஒரு பட்டன் வெச்சோம். எந்தப் பெட்டி தேவையில்லையோ அதைப் பார்த்து அழுத்தினா பெட்டி போயிடும். எதை அடிக்கடி நீக்கறாங்கன்னு அது கத்துக்கும். அப்புறம் அதுவே பெட்டி போடாம விட்டுடும். இன்னும் நல்லா கத்துக்கிட்டா..."

"சொல்லுங்க."

"அந்தப் பொருளையே காட்டாதுங்க. கவனம் சிதறக்கூடாதுன்னு. வேலிக் கம்பம், புல்லு, போர்டு இதுக்கெல்லாம் அப்படித்தான் பண்ணினோம். நல்லா வேலை செஞ்சுது. விருதுகூட குடுத்தாங்க."

"மனுஷனையுமா?"

"மனுஷனை நீக்கச் சொல்லி நாங்க சொல்லலீங்க சார். நீக்கக்கூடாதுன்னும் சொல்லல. அதுதான் தப்பு." அவர் என் முகத்தைப் பார்க்காமல் பேசினார். "ஓரத்துல ஆரஞ்சு சட்டை போட்டு நிக்கறவங்க தினமும் ஒரே எடத்துல நிப்பாங்க. தினமும் பெட்டி வரும், தினமும் நீக்குவாங்க. அது கத்துக்கிச்சு. ஓரத்துல நின்னாலும் சரி, நடுவுல வந்தாலும் சரி, அதுக்கு ஆரஞ்சு சட்டைன்னா காட்டவேண்டாத பொருள்."

"இங்க மட்டும்தானா?"

"எல்லா விமானமும் ஒண்ணுகிட்ட ஒண்ணு கத்துக்குங்க. புல்லு வெட்டறவங்க, பெருக்கறவங்க, லைட் மாத்தறவங்கன்னு எல்லா ஊர்லயும் கொஞ்சம் கொஞ்சமா மங்கிட்டு வராங்க. இந்த விபத்துக்கு அப்புறம்தான் நானே பார்த்தேன்."

"மந்திரி வண்டி உள்ள வந்தா?"

"அதுக்குப் பெட்டி வருங்க சார். அதை யாரும் நீக்கமாட்டாங்க."

எனக்குக் காது சூடாகிவிட்டது. அந்தப் பெண்ணைத் திட்டி என்ன பயன்? இத்தனையும் சொல்லாமல் அவர் ஊருக்குத் திரும்பியிருக்கலாம்.

"அந்தக் கணக்குல 'ஒன்று' எப்ப வந்துச்சு? மயில் ஓடறதுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

"முன்னாடிங்க. மயில் நிக்கும்போதே அவங்க ஓடுபாதைக்குள்ள வந்துட்டாங்க."

நேரம் இருந்திருக்கிறது. தாராளமாகவே இருந்திருக்கிறது. இதை எப்படிச் சொல்வேன் என்று யோசித்துக்கொண்டிருந்தபோது மிருணாளினி தயங்கித் தயங்கி அடுத்ததைச் சொன்னார்.

"இன்னொண்ணுங்க சார். கரிசலூர்ல இந்த ஆளுங்களை எல்லா விமானிங்களும்தான் நீக்கியிருக்காங்க. ஆனா ஒருத்தங்க மட்டும் ஒரு தடவைகூட விடாம நீக்கியிருக்காங்க. வேற எதையும் அவ்வளவா தொடமாட்டாங்க. இவங்களை மட்டும். அது சீக்கிரமா கத்துக்கிட்டதுக்கு அவங்கதான் முக்கியக் காரணம்."

யார் என்று நான் கேட்க வேண்டியிருக்கவில்லை. அவர் முகத்திலேயே தெரிந்தது.

ஜெசிந்தா மேல் எனக்கு அப்படி ஒரு கோபம் வந்தது. மழையில் நனைந்துகொண்டு நிற்கிற நாலு ஏழைகளைப் பார்ப்பது கூட அந்த அம்மாவுக்கு இடைஞ்சலாக இருந்திருக்கிறது. துடைத்துப் போட்டுவிட்டு, இப்போது நேரம் இருந்ததா என்று என்னிடம் அழுகிறார். கேட்கத்தான் போகிறேன், நன்றாக நறுக்கென்று கேட்கப் போகிறேன் என்று முடிவு செய்தேன். அதற்கு முன் சுடலைக்கனியின் கணவரைப் பார்க்கப் போனேன்.

ஓடுபாதையின் கிழக்குக் கோடியில் கம்பி வேலியை ஒட்டி ஒரு தகரக் கொட்டகை. பறவை விரட்டுபவர்கள் இருக்கும் இடம் அது. ஆறுமுகநயினார் வேலைக்கு வந்திருந்தார். காரியம் முடிந்த கையோடு காண்ட்ராக்டர் ஆள் அனுப்பிக் கூப்பிட்டுவிட்டாராம். ஆரஞ்சுச் சட்டை, கையில் தட்டுவதற்கு ஒரு தகர டின், தோளில் வெடிப் பை. புருஷன் பெண்டாட்டி இரண்டு பேரும் இதே வேலைதான் பார்த்திருக்கிறார்கள்.

"மழையில வெடி நமுத்துப் போயிரும் சார், திரி பத்தாது. டின்னைத் தட்டுனா மயிலு திரும்பிக்கூடப் பாக்காது, பழகிப்போச்சு. அப்ப ஆளுதான் ஓடி வெரட்டணும்" என்றார்.

"கோட்டைத் தாண்டியா?"

"மயிலு கோட்டுக்கு அங்கிட்டு நின்னா, நாங்க இங்கிட்டு நின்னு அதுகிட்ட கெஞ்சவா முடியும்?"

"உள்ள போறதுக்கு முன்னாடி வாக்கி டாக்கியில சொல்லணுமே."

"எல்லாருக்கும் சேத்து ஒரு வாக்கிதான் சார். அது சூப்பர்வைசர்கிட்ட இருக்கும். மழை வந்தா அவரு ஆபீசுக்குள்ள போயிருவாரு."

"விமானம் வர்றது தெரிஞ்சும் பயம் இல்லையா?"

அவர் என்னை ஆச்சரியமாகப் பார்த்தார். "எதுக்கு சார் பயம்? வேலைக்குச் சேந்த அன்னைக்கே படம் போட்டுக் காமிச்சாக. விமானத்துல பெரிய கண்ணு இருக்கு, முயலு ஓடுனாக்கூட அதுக்குத் தெரியும், ஆளு நின்னா இறங்காம மேல போயிரும்னு. அதே மாதிரிதான் நடந்துச்சு. ஆரம்பத்துல ரெண்டு மூணு வாட்டி நாங்க உள்ள நிக்கயில மேல ஏறிட்டாக. எங்களுக்குத்தான் ஏச்சு விழுந்துச்சு. ஏச்சு விழுந்தாலும் உசுருக்கு ஒண்ணுமில்லன்னு இருந்தோம். அன்னைக்கும் இவ மயிலைத் தொரத்திட்டு, விமானத்தைப் பாத்துக் கையைத் தூக்கிக்கிட்டுத்தான் நின்னா. நான் அந்த ஓரத்துல இருந்து பாத்தேன். ஓடவே இல்ல சார். அது மேல போயிரும்னு நின்னா."

அவர் டின்னைக் கீழே வைத்துவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டார். நான் வேலிப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றேன்.

"விமானத்தைப் பாத்தா அவளுக்கு ஒரு சந்தோசம் சார்" என்று அவரே தொடர்ந்தார். "ஒரு அம்மா வருவாக, காலம்பற விமானத்துல. ஓட்டுறது பொம்பளைன்னு கீழ வேலை பாக்குறவுக சொன்னாக. இறங்கி மெல்ல ஓடி வரயில, எங்களைத் தாண்டுற எடத்துல முன்னால உள்ள லைட்டை ரெண்டு வாட்டி சிமிட்டுவாக. வேற ஒருத்தரும் அப்படிச் செய்யமாட்டாக. இவ ரெண்டு கையையும் தூக்கி ஆட்டுவா. என் சேக்காளி வந்துட்டா பாருன்னு எங்கிட்ட பீத்திக்கிடுவா. மூஞ்சிகூட பாத்ததில்ல, அதுக்குள்ள சேக்காளியாம்."

நான் அவர் பக்கம் திரும்பினேன். "இப்பவும் அவங்க வராங்களா?"

"இல்ல சார். நாலஞ்சு மாசமா லைட்டு வரல. மாத்தலாகிப் போயிட்டாக போல. இவ விடாம கொஞ்ச நாளு கையைத் தூக்கிப் பாத்தா."

கொட்டகையிலிருந்து திரும்பி நடக்கும்போது எனக்கு ஒன்றும் புரியவில்லை. லைட்டைச் சிமிட்டியவரும், ஒரு தடவைகூட விடாமல் அவர்களை நீக்கியவரும் ஒருவர்தான். வேறு பெண் கேப்டன் இந்த ஊருக்கு வருவதில்லை.

ஜெசிந்தா அதே அறையில், அதே நாற்காலியில் இருந்தார். நான் வைத்திருந்த நறுக்கென்ற கேள்விகளெல்லாம் கலைந்துபோயின.

"லைட் போடறதை ஏன் நிறுத்தினீங்க?" என்று கேட்டேன்.

அவர் நிமிர்ந்தார். "அது உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"சொல்லுங்க."

"ஆளையெல்லாம் எடுத்துட்டாங்க சார். முன்ன அந்த வளைவுக்கிட்ட நாலு பேரு நிப்பாங்க. அதுல ஒரு அக்கா, ரெண்டு கையையும் தூக்கிக் குதிப்பாங்க. சின்னப் பிள்ளை மாதிரி. விடியக்காலம் எழுந்து வேலைக்கு வர்ற அலுப்பெல்லாம் அதைப் பார்த்தா போயிடும். திடீர்னு ஒரு நாள் யாரையும் காணோம். ஏதோ மெஷின் வெச்சுட்டு இவங்களை நிறுத்திட்டாங்கன்னு நினைச்சேன். பாவம், வேலை போச்சேன்னு வீட்டுல சொல்லிட்டு இருந்தேன். அப்ப இந்தச் செத்துப்போனவங்க... புதுசா வந்தவங்களா சார்?"

நான் அதற்குப் பதில் சொல்லாமல், "அவங்களைப் பார்க்கும்போதெல்லாம் 'நீக்கு' பட்டனை அழுத்தியிருக்கீங்க. ஏன்?" என்றேன்.

"பெட்டி இருந்தா ஆளு தெரியாது சார். சிவப்புக் கோடு, அம்புக்குறி, எழுத்துன்னு எல்லாம் மூஞ்சி மேலயே விழும். பெட்டியை எடுத்துட்டா சிரிக்கிறது தெரியும். அதைப் பார்க்கத்தான் எடுப்பேன்."

மிருணாளினி சொன்னதை அப்படியே சொன்னேன். பாதி சொல்லும்போதே அவருக்குப் புரிந்துவிட்டது. நாற்காலியின் கைகளை இறுகப் பிடித்துக்கொண்டார். நிறுத்தட்டுமா என்று கேட்டேன். தலையை ஆட்டினார், முழுதும் சொல்லச் சொல்லி. சொன்னேன்.

"அந்த அக்காதானா?" என்று மட்டும் கேட்டார்.

"ஆமா. பேரு சுடலைக்கனி."

பிறகு, "நேரம்?" என்றார்.

பொய் சொல்லலாம் என்று ஒரு கணம் தோன்றியது. கடைசி நொடியில் குறுக்கே வந்தார் என்று சொன்னால் இந்தப் பெண் மாத்திரை இல்லாமல் தூங்குவார். தலைவருக்கும் திருப்தி, காண்ட்ராக்டருக்கும் திருப்தி. ஆனால் சுடலைக்கனி கடைசி நொடியில் குறுக்கே வரவில்லை. கையைத் தூக்கிக்கொண்டு நின்றார்.

"இருந்துச்சு" என்றேன். "மயில் நிக்கும்போதே அவங்க உள்ள வந்துட்டாங்க. நீங்க மேல தூக்கக் கையை வெச்சிருந்தீங்க. அவங்க மயிலை விரட்டினாங்க. பாதை காலியா தெரிஞ்சதால நீங்க இறக்கினீங்க."

"அவங்க விரட்டாம விட்டிருந்தா நான் மேல போயிருப்பேன்."

"ஆமா."

"அவங்க வேலையை ஒழுங்கா செஞ்சிருக்காங்க."

"ஆமா."

ஜெசிந்தா அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை. முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து, "அவங்க வீட்டுக்காரரைப் பார்க்கணும், கூட்டிட்டுப் போங்க" என்றார்.

விசாரணை முடியும்வரை விமானியை இறந்தவரின் குடும்பத்தோடு பேச விடக்கூடாது. தெரிந்தே அழைத்துப் போனேன். இந்த விபத்தில் விதிப்படி நடந்தவை ஏற்கெனவே நிறைய இருந்தன. அன்று மதியம் தலைவர் தன் அறிக்கையின் நகலை எனக்கு அனுப்பியிருந்தார். பணியாளர் அனுமதியின்றி நுழைந்தது விபத்துக்குக் காரணம், ஒளித்திரை தன் வடிவமைப்பின்படி சரியாக இயங்கியது என்று அதில் இருந்தது. சுடலைக்கனியின் பெயர் எந்தப் பக்கத்திலும் இல்லை. நான் கையெழுத்துப் போட மறுத்தேன். மாற்றுக் கருத்து என்று தனியாக எழுதிக் கொடுத்தேன். அதைப் பின்னிணைப்பில் போடுவார்கள், யாரும் படிக்கமாட்டார்கள். கம்பெனிக்காரர்கள் கரிசலூர் வரைக்கும் கண்ணாத்தா கற்றதை அழித்துவிட்டார்களாம். மற்ற ஊர்களைப் பற்றிப் பிறகு பார்ப்பார்களாம். பின்னால் மிருணாளினி போனில் சொன்னார். அவரை வேறு பிரிவுக்கு மாற்றிவிட்டார்கள்.

அன்று நாங்கள் போனபோது மழை விட்டிருந்தது. கொட்டகைக்கு வெளியே ஆறுமுகநயினார் நனைந்த வெடிகளை ஒரு சாக்கின் மேல் பரப்பிக் காய வைத்துக்கொண்டிருந்தார். விமானியின் பெயரை யாருக்கும் வெளியிட்டிருக்கவில்லை. ஓட்டியது ஆணா பெண்ணா என்றுகூட அவருக்குத் தெரியாது. ஜெசிந்தா சாதாரணச் சேலைதான் கட்டியிருந்தார். யாரோ ஆபீசர் அம்மா என்று நினைத்து ஆறுமுகநயினார் எழுந்து நின்றார்.

"உக்காருங்கண்ணே" என்றார் ஜெசிந்தா. "நான்... காலை விமானத்துல வருவேன். லைட்டை சிமிட்டுவேன்."

ஆறுமுகநயினாருக்குப் புரிய ஒரு கணம் ஆயிற்று. புரிந்ததும் அந்த மனிதரின் முகம் மலர்ந்ததை நான் மறக்கவே மாட்டேன். ஈரக் கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு இரண்டு கையையும் கூப்பினார்.

"நீங்கதானா தாயி அது! எங்க போயிட்டீக இத்தன நாளா? எம்புட்டுத் தேடுனா தெரியுமா உங்களை? லைட்டு வரலன்னு மூஞ்சியத் தூக்கி வெச்சுக்கிட்டு ரெண்டு நாளு எங்கிட்ட பேசவே இல்ல. மாத்தலாகிப் போயிட்டீகன்னு நாந்தான் சமாதானம் சொன்னேன்."

ஜெசிந்தா வாயைத் திறந்தார்.

அதற்குள் ஆறுமுகநயினார் கொட்டகைக்குள் ஓடிப்போய் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வந்து அவருக்குப் பக்கத்தில் போட்டார். அதிலிருந்த ஈரத்தைத் தன் துண்டால் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தவர் திடீரென்று அழ ஆரம்பித்தார்.

"அன்னைக்கு எவனோ கண்ணில்லாத பய ஓட்டிட்டு வந்திருக்கான் தாயி. நீங்க மட்டும் அன்னைக்கு வந்திருந்தீகன்னா எம்பொண்டாட்டி பொழச்சிருப்பா."

ஜெசிந்தா நாற்காலியில் உட்காரவில்லை. ஈரத் தரையில், பரப்பி வைத்த வெடிகளுக்குப் பக்கத்தில் மண்டியிட்டு உட்கார்ந்தார்.

"வந்தேன்ண்ணே" என்றார்.